வந்த காரணம்

போடிமெட்டுச் சோதனைச் சாவடியில்
பனி இறங்கி, தடுப்புக் கம்பியைக் காணவில்லை.
இருக்கும் என்று நம்பித்தான் ஜீப்புகள் நின்றன.

நான் மொழிபெயர்க்க வந்தவள்.
புதுச்சேரியில் பிரெஞ்சுப் பத்திரங்களைத் தமிழாக்குவது பிழைப்பு.
நாளைக்கு இரண்டாயிரம், சாப்பாடு கம்பெனி செலவு என்றார்கள்.
பின் சீட்டில் அர்மான் கெர்வெல், வயது எழுபத்தொன்று,
எஸ்டேட் துரை வேஷத்துக்கு.
இங்கிலீஷ் அரைகுறை.
பரவாயில்லை, வெள்ளையாக இருக்கிறார் என்றார் மேனேஜர்.

பதினேழு கொண்டை ஊசி வளைவிலும்
சொல்லிக்கொண்டே வந்தார்.
நாந்த் நகரத்து நாடக சபையில்
ராணி இறந்துவிட்டாள் என்று ஓடிவரும் தூதன்.
இருபத்தாறு வரி. முந்நூற்றுப் பன்னிரண்டு இரவு.
"அவள் எப்படிச் செத்தாள் என்று எனக்குத் தெரியாது.
பக்கத்து அறையில் சிகரெட் பிடித்துக்கொண்டிருப்பாள்."

முதல் சினிமாவில்
மாடிப்படியில் விழும் நிழல்.
ஆளை வெட்டியவர்கள் நிழலை மறந்துவிட்டார்கள்.
அவருடைய அம்மா தியேட்டரில் எழுந்து நின்று கைதட்டினாளாம்,
வேறு யாருடைய நிழலுக்கோ.

பிறகு யுத்தப் படங்கள்.
ஜெர்மன் சிப்பாயாகப் பதினோரு முறை சுடப்பட்டார்,
இரண்டு முறை ஒரே பள்ளத்தில், ஒரே சட்டையில்,
வேறு வேறு டைரக்டர்களுக்காக.
ஒரே ஒரு கோடையில் கதாநாயகன்:
அசல் ஆளுக்குக் காய்ச்சல்.
ஐந்தாம் நாள் குணமாகிவிட்டது.
"நல்ல மனுஷன். எனக்குப் பேரிக்காய் வாங்கி வந்தார்."

கேரளப் போலீஸ்காரர் பதிவேட்டைத் திறந்தார்.
சட்டையில் சுகதன் என்றிருந்தது.
"எந்தா ஜோலி?"
நடிகர் என்றேன்.
"ஏது படம்?"
நான் பிரெஞ்சில் வாயைத் திறப்பதற்குள்
கெர்வெலுக்குப் புரிந்துவிட்டது.
நாற்பத்தெட்டு வருஷமாக எல்லா ஊரிலும் இதே கேள்வி.

கதவைத் திறந்து இறங்கினார்.
ஈரத் தார் ரோட்டில் நின்று
நெஞ்சில் ஒரு குண்டை வாங்கினார்.
முதலில் முழங்கால், பிறகு தோள்.
தொப்பி மட்டும் உருண்டு
தமிழ்நாட்டுப் பக்கம் போனது.

சிலமலையிலிருந்து ஏலக்காய் எடுக்கப் போகும் பெண்கள்,
ஒரு ஜீப்பில் பதினெட்டுப் பேர், மடியில் தூக்குவாளி,
பேச்சை நிறுத்தினார்கள்.
விசிலை வாயில் வைத்த சுகதன்
ஊதவில்லை.

எழுந்து, மண்ணைத் தட்டி, குனிந்து வணங்கினார்.
கொஞ்சம் கைதட்டல்.
பின்கம்பியில் தொங்கியபடி வந்த வீருசின்னு மட்டும்
"அது சாவில்லப்பா" என்றாள்.
"கண்ணு சொருகுனப்புறமும்
கால் பெருவிரல் எதையோ தேடும்.
செருப்பத் தேடுற மாதிரி.
மரம் சாஞ்சப்ப எம் புருசனுக்குப் பாத்தேன்."

பத்திரம் போலச் சுருக்கமாக மொழிபெயர்த்தேன்.
எந்தக் கால் என்று கேட்டார்.
நானும் கேட்டேன்.
"எடது" என்று ஜீப்போடு போய்விட்டது பதில்.

மூன்றாம் நாள் தேயிலை மேட்டில் துரையைக் கொன்றார்கள்.
பூட்ஸைக் கழற்றிவிட்டுப் படுத்தவரை
காஸ்ட்யூம் பையன் திட்டினான்.
துரை பூட்ஸோடுதான் சாவார்.
சரி என்று மாட்டிக்கொண்டார்.
காமிரா முகத்தில் இருந்தது.
நான் கீழே பார்த்துக்கொண்டிருந்தேன்:
இடது பூட்ஸின் முனையில்
தோலுக்கடியில் சின்ன மேடு ஒன்று எழும்பி,
இந்தப் பக்கம் அந்தப் பக்கம் போய்,
அடங்கியது.
அதற்கு வெகு முன்பே ஓகே சொல்லிவிட்டார்கள்.

திரும்பும்போது மறுபடி பதிவேடு, கையெழுத்து.
மலையாளம் எனக்கு எழுத்துக் கூட்டித்தான் வரும்.
வந்த காரணம் என்ற கட்டத்தில்
சுகதன் எழுதியிருந்தார்: மரிக்கான்.
சாவதற்கு.
அதற்கு அடுத்த வரி ஒரு லாரி, முட்டைக்கோசு.

என்ன எழுதியிருக்கிறது என்றார் கெர்வெல்.
நடிகர் என்றேன்.
அதன்மேல் விரலை ஓட்டிப் பார்த்து
உருண்டை உருண்டையாக
நல்ல எழுத்து என்றார்.